முதல் வாய்

யாருக்கும் எதையும் அவர் தன் வாயில் வைக்காமல் கொடுத்ததில்லை. வடையோ வட்டிலப்பமோ, பச்சைத் தண்ணீரோ, முதல் வாய் அவருடையது. ஒரு துண்டு பிய்த்து வாயில் போடுவார். மெதுவாக மெல்லுவார். விழுங்கியபின் இடது கையைச் சட்டைப்பைக்குள் விட்டுச் செபமாலையில் ஒரு மணியைத் தள்ளுவார். அந்த ஒரு மணிக்குரிய செபம் மனத்துக்குள் முடியும்வரை ஒருவரும் தட்டைத் தொடக்கூடாது. பிறகு ஆங்கிலத்தில் ஒரு வசனம் சொல்வார். எங்களைப் பார்த்து அதையே தமிழிலும் சொல்வார்.

"நான் பாத்துட்டேன். இனி சாப்பிடலாம்."

கொழும்பில், கொட்டாஞ்சேனையில் எனக்கு ஒரு சின்னச் சைவக்கடை இருந்தது. ஆறு மேசை, உள்ளே அடுப்படி, காசு மேசைக்கு மேலே பிள்ளையார் படம். நானும் மனைவியும் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து, தெரிந்ததைச் செய்து பிழைத்தோம். அவர் அந்தப் பகுதியிலேயே பிறந்து வளர்ந்த கத்தோலிக்கர். கடற்கரையோரப் பெரிய ஹோட்டல் ஒன்றில் நெடுங்காலம் பரிமாறுகிறவராக இருந்தவர். நான் அறிந்தபோது அந்த வேலை இல்லை. சனிக்கிழமைகளில் வெள்ளைக்காரர் நாலைந்து பேரைக் கூட்டிக்கொண்டு நடப்பதுதான் அவருடைய தொழில். தெருவில் எல்லோரும் அவரைக் 'கைட் அண்ணன்' என்றார்கள். நான் எங்கள் வழக்கப்படி அண்ணை என்பேன். அவருக்கு நான் மொதலாளி.

சண்டை நடக்கிற நாட்டுக்குச் சுற்றிப்பார்க்க யார் வரப்போகிறார்கள் என்று கேட்பீர்கள். வந்தார்கள். நிவாரண வேலைக்கு வந்தவர்கள், பத்திரிகைக்காரர், மலிவாக ஹோட்டல் அறை கிடைக்கிறதென்று வந்த கிழவனும் கிழவியும். பின்னேரம் மூன்றரைக்குச் செட்டியார் தெருவில் தொடங்குவார். நகைக்கடைகளையும் கோயில் கோபுரங்களையும் காட்டி, டச்சுக்காரன் காலத்துக் கட்டடங்களுக்குக் கதை சொல்லி, முதலில் ஒரு முஸ்லிம் நானாவின் கடையில், தேங்காய்ப்பாலும் கருப்பட்டியும் ஏலமும் சேர்த்து அவித்த வட்டிலப்பம். பிறகு சிங்களவர் ஒருவரின் பேக்கரியில் சீனி தூவிய இனிப்பு ரொட்டி, கிம்புலா பனிஸ். மூன்றாவது என் கடை வடை. கடைசியில் தன் வீட்டில், முந்திரிகை வற்றலில், அதாவது உலர்ந்த திராட்சையில், தானே போட்ட வைன், ஆளுக்கு ஒரு சின்னக் கிளாஸ். ஆறு மணிக்கு முன் எல்லோரையும் வாகனத்தில் ஏற்றிவிடுவார். இருட்டினால் சோதனைச் சாவடிகளில் தொல்லை.

இந்த முதல் வாய்ப் பழக்கம் எப்படி வந்தது என்று ஒருநாள் கேட்டேன். மறைக்காமல் சொன்னார். ஹோட்டலில் ஒருநாள் நண்டுக்கறி பரிமாறியிருக்கிறார். தட்டை எடுக்கும்போதே மணத்தில் ஏதோ பிழை என்று பட்டதாம். குசினியில் சமைக்கிற பெரியவர்கள் இருக்கிறார்கள், எனக்கென்ன என்று கொண்டுபோய் வைத்துவிட்டார். சாப்பிட்ட வெள்ளைக்காரக் கிழவி நாலு நாள் ஆஸ்பத்திரியில் கிடந்து தப்பினாள். குசினிக்காரருக்கு ஒன்றுமில்லை. இவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

"சரிதான் மொதலாளி. மூக்குக்குத் தெரிஞ்சுதே. தெரிஞ்சும் வச்சேனே," என்றார்.

அதற்குப் பிறகு அந்த நாக்கும் மூக்கும்தான் அவருக்குக் கடை, போர்டு, லைசன்ஸ் எல்லாம். அவர் கூட்டிவரும் ஆட்களில் ஒருவருக்கு வயிறு கடுத்தாலும் ஹோட்டல்காரர்கள் பிறகு ஆள் அனுப்பமாட்டார்கள். அது அவருக்கும் தெரியும், எங்களுக்கும் தெரியும்.

முதல்முறை என் கடைக்கு வந்த அன்றே மனைவியோடு பிணக்கு. எண்ணெயிலிருந்து ஏறிய முதல் வடையை அவர் கேட்டார்.

"அது பிள்ளையாருக்கு," என்றாள் மனைவி.

"காசு தர்றேனே அம்மா."

"காசுக்கில்லை அண்ணை. முதல் அவருக்கு, பிறகுதான் ஆக்களுக்கு," என்றேன் நான்.

அவர் படத்தை அண்ணாந்து பார்த்தார். "அவரு சாப்பிட்டுப் பாத்துச் சரியில்லன்னா சொல்லுவாரா?"

மனைவிக்குக் கோபம் வந்துவிட்டது. "இஞ்சருங்கோ, இவர் என்ன கதை கதைக்கிறார்! நான் அடுப்படியில நிண்டு உப்புக்கூட வாயில வைச்சுப் பாக்கிறேல்லை. மணந்துகூடப் பாக்கமாட்டன். அவருக்கு முதல் ஆரும் தொடக்கூடாது எண்டுதானே!"

அவர் உடனே நெற்றியில் சிலுவை போட்டு, பிள்ளையாரைப் பார்த்து இரண்டு கையும் கூப்பினார். "கோவிக்காதீங்க அம்மா. அவருக்கு மொதல். எனக்கு ரெண்டாவது. இவங்களுக்கு மூணாவது. சரியா?" என்றார். அந்த ஒழுங்கு பல வருடம் நடந்தது.

"ஒரு மணி தள்ளுறதுக்குள்ள வயிறு என்னத்தைச் சொல்லும் அண்ணை?" என்று நான் பகிடியாகக் கேட்பதுண்டு.

"வயிறு சொல்லாது மொதலாளி. நாக்குக்கு ரெண்டாவதா ஒரு யோசன வரும். அதுக்குத்தான் நிக்கிறேன்."

அந்த இரண்டாவது யோசனைக்கு நாங்கள் எல்லோரும் பயந்தோம். பிழையென்று பட்டால் முகத்துக்கு நேரே சொல்லிவிடுவார். ஒருநாள் என் கடையில் வடையை மென்றார், மணியைத் தள்ளினார், தட்டைத் திருப்பி என் பக்கம் வைத்தார்.

"இன்னிக்கு வேணாம் மொதலாளி. எண்ணெய் நேத்துக்கு முந்தின நாளுது."

வெள்ளைக்காரர் முன்னால் அப்படிச் சொன்னதில் எனக்கு முகம் கறுத்துப்போயிற்று. அவர்களுக்குத் தமிழ் விளங்காது என்பதுகூட அப்போது ஞாபகம் வரவில்லை. அவர்களை எழுப்பிக்கொண்டு போய்விட்டார். நாலு நாள் அவரைத் திட்டித் திரிந்தேன். ஐந்தாம் நாள் எண்ணெயை மாற்றினேன். அது உண்மையிலேயே பழைய எண்ணெய்தான். பேக்கரிக்காரருக்கும் இதே கதை நடந்திருக்கிறது. அவர் மூன்று மாதம் இவரோடு முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. ஆனால் சனிக்கிழமைகளில் மட்டும் புது மாவில் பனிஸ் போட்டார்.

எங்கள் சந்தியில் ஒரு சோதனைச் சாவடி இருந்தது. அங்கே புதிதாக மாற்றலாகி வந்த ஆமிக்காரன் ஒருவன், வெள்ளைக்காரர் நிற்கிறார்கள் என்றும் பார்க்காமல் ஒவ்வொரு சனியும் இவரை மறித்து ஐசி என்கிற அடையாள அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பான். ஒருநாள் இவர் பேக்கரிப் பையிலிருந்து ஒரு பனிஸ் எடுத்து நீட்டினார்.

"மே மொகத்த? எபா, எபா," இது என்ன, வேண்டாம் என்று அவன் துவக்கை இறுக்கிப் பிடித்துக்கொண்டு பின்னால் போனான். தமிழன் தருகிற தின்பண்டத்தை எப்படி வாங்குவது? அவனுடைய பயம் அவனுக்கு.

இவர் பனிஸை நடுவில் முறித்தார். பாதியைத் தன் வாயில் போட்டு, சீனியைக் கையால் துடைத்து, நடுத்தெருவில் நின்று மணியைத் தள்ளினார். வெள்ளைக்காரர் எல்லோரும் அவரோடு நின்றார்கள். நான் என் கடை வாசலிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு மற்றப் பாதியை நீட்டினார். அவன் சிரித்துவிட்டான். "ஹரி ஹரி, தென்ன," சரி, தா என்று வாங்கித் தின்றான். அதன்பின் சனிக்கிழமைகளில் அவன் ஐசி கேட்கவில்லை, பனிஸ்தான் கேட்டான்.

அவர் வீட்டுக்கு நான் அந்த நாட்களில் ஒரேயொரு முறை போயிருக்கிறேன். வெள்ளைக்காரி ஒருத்தி கடையில் விட்டுப்போன குடையைக் கொடுக்கப் போனேன். ஒரு அறையும் ஒரு குசினியும். மாதா படத்தின் கீழே இறந்துபோன மனைவியின் படம். பிள்ளைகள் இல்லை. மூலையில் துணி கட்டிய பீங்கான் ஜாடிகள். நத்தார்ப் பண்டிகைக்கு வைன் போடுவது அவருடைய மனைவியின் கைவேலையாம். அவள் எழுதி வைத்த அளவில் ஒரு கறுவாப்பட்டைகூடக் கூட்டாமல் குறைக்காமல் இவர் தொடர்ந்து போட்டு வந்தார்.

எனக்குக் கதிரை போட்டார். கிளாஸை மட்டும் நீட்டவில்லை.

"உங்களுக்குத் தரமாட்டேன் மொதலாளி. நெத்தியில விபூதி இருக்கு," என்று தேத்தண்ணீர் ஊற்றித் தந்தார். அதையும் ஒரு வாய் குடித்துப் பார்க்கத் தன் கோப்பையில் முதலில் ஊற்றிக்கொண்டார்.

பிறகு ஒருநாள் கோட்டைப் பக்கம் குண்டு வெடித்தது. அவர் முந்திரிகை வற்றல் வாங்கப் புறக்கோட்டைக்குப் போயிருந்தார். வெடித்த இடத்துக்கு அவர் தூரம்தான். ஆனால் ஓடிவந்த சனம் இடித்துத் தள்ளியதில் நடைபாதை விளிம்பில் பின்மண்டை அடிபட விழுந்தார். ஆஸ்பத்திரியில் ஆறு நாள். தையல் போட்டு அனுப்பிவிட்டார்கள். அவருக்குப் பக்கத்துக் கட்டிலில் கிடந்தவர்களோடு பார்த்தால் இது ஒரு காயமே இல்லை என்று அவரே சொன்னார்.

இரண்டு மாதத்துக்கு வெள்ளைக்காரர் ஒருவரும் வரவில்லை. பிறகு மூன்று பேர், நாலு பேர் என்று திரும்ப வரத் தொடங்கினார்கள். அவரும் தொப்பி போட்டுத் தையலை மறைத்துக்கொண்டு நடக்கத் தொடங்கினார். முதல் வாய், மணி, வசனம் எல்லாம் முன்போலவே. ஒன்று மட்டும் மாறியிருந்தது. எந்தத் தட்டையும் அவர் திருப்பி வைக்கவில்லை. எதைக் கொடுத்தாலும் நல்லது என்றார். அடிபட்ட பிறகு மனிதர் இளகிவிட்டார் என்று நினைத்தோம். பேக்கரிக்காரருக்கு நல்ல சந்தோசம். "மஹத்தயா தன் ஹொந்தய்," என்று என்னிடம் சொன்னார். இப்போதுதான் ஐயா நல்லவராகிவிட்டாராம்.

அது கரண்ட் வெட்டுகிற காலம். பின்னேரம் கரண்ட் இருக்காது என்று மனைவி காலையிலேயே தேங்காய்ச் சம்பலை அரைத்து மூடி வைத்திருந்தாள். நல்ல வெயில். நாலரைக்கு முதல் வடையும் ஒரு கரண்டிச் சம்பலும், வழக்கம்போல் மணந்து பாராமல், பிள்ளையாருக்கு வைத்துக் கற்பூரம் காட்டினாள். அவர் மூன்று பேரோடு வந்து இருந்தார். மனைவி உள்ளேயிருந்து அவருக்கு ஒரு தட்டு அனுப்பினாள். வடையைச் சம்பலில் தோய்த்து மென்றார். மணியைத் தள்ளினார்.

"நான் பாத்துட்டேன். இனி சாப்பிடலாம்."

நான் சம்பல் வாளியோடு மற்ற மூன்று தட்டுக்கும் போனேன். மூடியைத் திறந்தேன். ஒரே வீச்சம்! சம்பல் பழுதாகிப் போயிருந்தது. நீலத் தொப்பி போட்ட ஒரு பெண் வடையைப் பிய்த்துக் கையில் வைத்துக்கொண்டு, ஊற்று என்பதுபோல் என்னைப் பார்த்துச் சிரித்தாள். நான் அவரைப் பார்த்தேன். அவர் அடுத்த துண்டையும் அதே சம்பலில் தோய்த்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

வேண்டுமென்றே வாளியைக் கையிலிருந்து விட்டுவிட்டேன். மேசை, நிலம், அந்தப் பெண்ணின் பாவாடை எல்லாம் சம்பல்.

"என்னப்பா செய்யிறியள்! கை வழங்காதே உங்களுக்கு?" என்று மனைவி உள்ளேயிருந்து ஓடிவந்தாள். வந்தவளுக்கும் மணம் அடித்தது. வாயைப் பொத்திக்கொண்டு நின்றுவிட்டாள்.

அவர் எங்கள் இரண்டு பேர் முகத்தையும் பார்த்தார். கையிலிருந்த வடையைத் தட்டில் வைத்தார். வெள்ளைக்காரரிடம் ஏதோ ஆங்கிலத்தில் சொல்லிச் சிரிக்கப்பண்ணினார். அவர்கள் வெறும் வடையைச் சாப்பிட்டுவிட்டு அவரோடு போனார்கள்.

ஆறு மணிக்குத் தனியாக வந்தார். தொப்பியைக் கழற்றி மேசையில் வைத்தார்.

"கெட்டுப் போயிருந்துதா மொதலாளி?"

"ஓம் அண்ணை. உங்களுக்குத் தெரியேல்லையோ?"

"புளிச்சுது. தேசிக்காய் கூடப் போட்டிருக்காங்கன்னு நெனச்சேன்." பின்மண்டையைத் தொட்டார். "விழுந்ததிலேர்ந்து மணம் இல்ல. உப்பு தெரியுது, புளி தெரியுது, சீனி தெரியுது. வேற ஒண்ணும் இல்ல. வட்டிலப்பமும் சீனித்தண்ணியும் எனக்கு இப்ப ஒண்ணுதான்."

"டொக்டர் என்ன சொல்லுறார்?"

"வந்தா வருமாம்." கையைச் சட்டைப்பைக்குள் விட்டுக்கொண்டார். "யாருக்கும் சொல்லாதீங்க. நண்டுக்கு ஒருக்கா வீட்டுக்கு அனுப்பினாங்க. இன்னொருக்கா அனுப்புறதுக்கு எனக்கு எடம் இல்ல மொதலாளி."

நான் படித்தது எட்டாம் வகுப்பு. நியாயம் பேசத் தெரியாது. ஆனால் மறைத்தால் அந்த நீலத் தொப்பிக்காரிக்குப் பாவம், சொன்னால் இவருக்குப் பாவம் என்பது விளங்கியது.

"சொல்லமாட்டன் அண்ணை. ஆனா பாக்காததை ஆருக்கும் குடுக்கவும் விடமாட்டன். இஞ்ச நான் முதல் பாக்கிறன். நானாவிட்டயும் பேக்கரியிலயும் நீங்களே போய்ச் சொல்லுங்கோ. அவையும் பாக்கட்டும்."

"அவங்க சிரிப்பாங்க."

"சிரிக்கட்டும்."

ஒருவரும் சிரிக்கவில்லை. நானா அன்றைக்கே தன் மனைவியிடம் பொறுப்புக் கொடுத்தாராம். பேக்கரிக்காரர் இவருடைய கையைப் பிடித்துக்கொண்டு விடாமல் நின்றாராம். தான் சந்தோசப்பட்ட நாட்களை நினைத்திருப்பார் போலும்.

எனக்கு என் வீட்டுக்குள்தான் வழக்கு. பிள்ளையாருக்கு முன் என்னால் எப்படி வாயில் வைக்கமுடியும்? கல்யாணம் செய்த நாளிலிருந்து மனைவி காத்த ஒழுங்கு அது. அடுத்த சனிக்கிழமை அடுப்படிக்குள் போய், சொல்லத் தெரியாமல் அகப்பையையும் சட்டியையும் பார்த்துக்கொண்டு நின்றேன். அவள் முதுகைக் காட்டிக்கொண்டு வடை தட்டிக்கொண்டிருந்தாள்.

"பழுதாப்போனதை எல்லோ அவருக்கு வைச்சிட்டன்," என்றாள் திரும்பாமல். அந்த வாரம் முழுக்க அவள் சரியாகச் சாப்பிடவில்லை என்பது எனக்குத் தெரியும். "கற்பூரமும் காட்டினன். அவர் பேசாமல் இருந்திட்டார்."

நான் அகப்பையைக் கையில் எடுத்தேன்.

"பாக்கிறதெண்டால் பாருங்கோ. ஆனா கையை வடிவாக் கழுவிப்போட்டு."

கழுவினேன். ஒரு துண்டு வடையைச் சம்பலில் தோய்த்து வாயில் வைத்தேன். அவரைப்போலவே கொஞ்ச நேரம் நின்றேன். என்னிடம் செபமாலை இல்லை, ஐந்தெழுத்தைச் சொன்னேன். பிழை ஒன்றும் தெரியவில்லை. அதன்பின் பிள்ளையாருக்கு, பிறகு அவருக்கு, பிறகு மற்றவர்களுக்கு. அவர் முன்போலவே மென்று, மணியைத் தள்ளி, "நான் பாத்துட்டேன்," என்றார். என்னைப் பார்க்கவில்லை. நானும் பார்க்கவில்லை.

எல்லாம் ஒழுங்கு என்று நினைத்திருந்த நேரம், மார்கழியில் ஒரு சனி மத்தியானம் வந்து கடை வாசலில் நின்றார்.

"புது ஜாடி திறக்கணும் மொதலாளி. புளிச்சுக் காடியாப் போச்சா, சரியா வந்துச்சான்னு எனக்குத் தெரியல."

எனக்கு விளங்கிவிட்டது. "நானாவைக் கேட்டால்—"

"நானாவ எப்படிக் கேக்கிறது? பேக்கரிக்காரரைக் கேட்டா ஜாடி மிஞ்சாது."

இரண்டு பேரும் சிரித்தோம். சிரித்து முடிந்த பிறகும் அவர் நின்றுகொண்டிருந்தார். நான் என் வாழ்நாளில் கள்ளுக்கூடத் தொட்டவனில்லை. அப்பா குடித்து அழிந்ததைப் பார்த்து வளர்ந்து, கோயில் வாசலில் சத்தியம் செய்தவன். மனைவியிடம் ஒன்றும் சொல்லாமல் அவரோடு நடந்தேன்.

அவர் ஜாடியின் துணியை அவிழ்த்தார். ஒரு தேக்கரண்டியில் கொஞ்சம் எடுத்து நீட்டினார். விபூதியைப் பற்றி இந்த முறை அவர் ஒன்றும் சொல்லவில்லை.

"எப்பிடி இருக்கவேணும் எண்டு எனக்குத் தெரியாதே அண்ணை."

"வாயில வையுங்க. தெரியிறதச் சொல்லுங்க. போதும்."

வைத்தேன். "இனிக்குது."

"ம்."

"தொண்டை சுடுது."

"அது சுடும். காடி மணம் வருதா?"

"இல்லை. கறுவா மணக்குது."

"பிறகு?"

"பிறகு ஒண்டும் இல்லை."

அவர் கண்ணை மூடிக்கொண்டார். "அவசரப்படாதீங்க," என்றார். சட்டைப்பைக்குள் விரல் அசைவது தெரிந்தது. நான் விழுங்கிவிட்டு நின்றேன். குசினி யன்னலுக்கு வெளியே யாரோ துணி துவைத்துக்கொண்டிருந்தார்கள். அந்த மணிக்குரிய செபம் முடிகிற அளவில், நாக்கின் அடியிலிருந்து மெல்ல ஒன்று எழுந்து வந்தது.

"கராம்பு," என்றேன். "அண்ணை, இப்ப கராம்பு வருது."

அவர் கண்ணைத் திறந்து மனைவியின் படத்தைப் பார்த்தார். "அது கடைசியிலதான் வரும். அப்படித்தான் அவ போடுவா," என்றார். தனக்கும் ஒரு கிளாஸில் ஊற்றிக் குடித்தார். அவருக்கு அது சீனித்தண்ணீராகத்தான் இருந்திருக்கும். துணியைத் திரும்ப இறுக்கிக் கட்டி, "அப்ப சரி," என்றார்.

மூன்று தரம் வாய் கொப்பளித்து, புதிதாக விபூதி பூசிக்கொண்டு கடைக்கு வந்தேன். மனைவி மூக்கைச் சுளித்தாள்.

"என்ன, வாயில கராம்பு மணக்குது?"

"பல்லு நோகுது," என்றேன்.

அந்தப் பொய்யைப் பிள்ளையாரிடம் மட்டும் சொல்லியிருக்கிறேன். அவர் நடந்த மிச்சக் காலம் முழுக்க, ஒவ்வொரு புது ஜாடிக்கும் எனக்குப் பல் நொந்தது.

பிறகு சண்டை கடுமையாகி வெள்ளைக்காரர் வருவது நின்றது. அவர் நீர்கொழும்பில் தங்கை வீட்டுக்குப் போய், அங்கேயே காலமானார் என்று கேள்விப்பட்டேன். அவர் கூட்டிவந்த ஒருவருக்கும் கடைசிவரை வயிறு கடுத்ததாக நான் கேள்விப்படவில்லை. மணம் திரும்ப வந்ததா என்று எனக்குத் தெரியாது.

இப்போது கடை இல்லை. வெள்ளவத்தையில் ஒரு மாடி வீட்டில் நாங்கள் இரண்டு பேரும்தான். வெள்ளிக்கிழமைகளில் மனைவி வடை சுடுவாள். முதல் வடையை எண்ணெயிலிருந்து எடுத்து, ஆறவிட்டு, என்னிடம்தான் தருவாள். நான் கையைக் கழுவிவிட்டு ஒரு துண்டு பிய்த்து வாயில் போடுவேன். ஐந்தெழுத்தைச் சொல்லி முடிக்கும்வரை நிற்பேன். பிறகு மிச்சத்தைப் பிள்ளையார் முன் வைத்துக் கைகூப்பிச் சொல்வேன்:

"நான் பாத்திட்டன். இனி நீங்கள் சாப்பிடலாம்."